ஏழாம் வரிசை, பதினான்காம் இருக்கை

நடிகர் வெண்டெலின் ஸ்மெகால்: வாழ்க்கைக் குறிப்பு
(லூச்சானி நகர நூலகக் கண்காட்சிக்கான முதல் வரைவு)

1. பிறப்பு 1923 செப்டம்பர் 10, லூச்சானி. தந்தை முடிதிருத்துபவர். கடைக்கு வருபவர்களைப் போல நடித்துக் காட்டி, ஐந்து வயதில் அடி வாங்கினார்.
2. 1946: சோகோல் உடற்பயிற்சி மன்றக் கூடத்தில், ஊர் நாடகக் குழுவில் சேர்ந்தார்.
3. 1949: ஒலோமோட்ஸ் நகரத் தியேட்டர். 1951இல் முதல் பெரிய வேடம், மருத்துவர். நன்றாக நடித்தார். (ஆதாரம்: நானே பார்த்தேன்.)
4. 1956 முதல் பிராக். ஒரே தியேட்டரில் முப்பத்தெட்டு ஆண்டுகள்.
5. திரைப்படங்கள் 83. அவற்றுள் 41இல் சீருடை: தபால்காரர், போக்குவரத்துக் காவலர், ரயில் கண்டக்டர்.
6. 1971: தொலைக்காட்சித் தேவதைக் கதையில் ராஜா. ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் மறுபடி காட்டுகிறார்கள்.
7. குணம்: மேடை பயம் என்றால் என்னவென்றே அறியாதவர்.

*

லூச்சானி, 1994 பிப்ரவரி 12

அன்புள்ள வெண்டெலின்,

நானும் உன் அக்காவும் நலம். என் முழங்கால் மட்டும் பனி விழப்போவதை வானிலை அறிக்கைக்கு முன்பே சொல்லிவிடுகிறது. உன் இருமல் நின்றதா?

நகர நூலகத்தார் செப்டம்பரில் உன்னைப் பற்றி ஒரு கண்காட்சி வைக்கிறார்கள். சுவரில் மாட்ட வாழ்க்கைக் குறிப்பு எழுதித் தரும்படி என்னைக் கேட்டார்கள். வேறு யாராவது நன்றாக எழுதுவார்கள் என்று இரண்டு முறை சொல்லிப் பார்த்தேன். "லத்தீன் வாத்தியார் எழுதினா தப்பே இருக்காது" என்று விடாப்பிடியாக நின்றார்கள். தப்பு இருக்கும் என்று எனக்குத் தெரியும். அதனால் வரைவை இத்துடன் அனுப்புகிறேன். ஏழு குறிப்புகள். ஒவ்வொன்றையும் சரிபார்த்து, எண் போட்டுப் பதில் எழுது.

உன்னைப் பற்றிய பத்திரிகைத் துணுக்குகள் என்னிடம் 1,206 இருக்கின்றன. எல்லாவற்றையும் அட்டைகளில் ஒட்டி, தேதி வாரியாக அடுக்கியிருக்கிறேன். ஒரு மனிதனைப் பற்றி எழுத அட்டைகள் போதுமா என்பதுதான் சந்தேகம்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

அத்தான் அலோயிஸ்

டேய் வெண்டா, இவரோட அட்டைப் பெட்டிங்க இப்ப கட்டிலுக்கு அடியிலயும் வந்தாச்சு. தினமும் உன் மேலதான் படுத்துத் தூங்கறேன். ஒழுங்கா பதில் போடு. ஹெட்விகா.

*

பிராக், பிப்ரவரி 27

அத்தானுக்கு,

இருமுவதற்குச் சம்பளம் கிடையாது என்று தெரிந்ததும் இருமல் நின்றுவிட்டது. உங்கள் முழங்காலுக்கு என் வணக்கம். அக்கா அனுப்பிய நம்மூர்ப் பாலாடைக்கட்டி அதன் நாற்றத்தோடு வந்து சேர்ந்தது. தபால்காரர் பொட்டலத்தைக் கை நீட்டி, உடம்பில் படாமல் பிடித்துக்கொண்டு, "ஐயா, உள்ள இருக்கறவருக்கு சொந்தக்காரங்க யாராச்சும் இருக்காங்களா?" என்றார். ஒலோமோட்ஸ் பக்கத்துக்காரர்களுக்குத்தான் அது வாசனை.

1: அடி வாங்கியது ஐந்து வயதில் அல்ல, நான்கில். பாதிரியார் கொட்டாவி விடுவதை நடித்தேன். பாதிரியார் அப்போது கடை நாற்காலியில்தான் இருந்தார்.

2: சரி. முதல் வேடம் மரம். நல்ல மரம் என்றார்கள்.

4: சரி.

5: தவறு. 84. 1962இல் வந்த ஒரு படத்தில் குதிரையின் பின்பாதி நான்தான். என் பெயர் போடவில்லை. குதிரையின் பெயரைப் போட்டார்கள்.

6: சரி. நேற்றுகூட கசாப்புக் கடைக்காரி, "ராஜா, ஈரல் பாருங்க, பாதி ராஜ்யத்தைக் குடுக்கலாம்" என்றாள். "பாதி மருமகனுக்குப் போயிடுச்சும்மா, மீதிக்கு அரைக் கிலோ போடு" என்றேன். கடையே சிரித்தது.

7: என்னோடு ஒப்பனை அறையில் இருக்கும் ஹைனெக்கிடம் இதைப் படித்துக் காட்டினேன். நாற்காலியிலிருந்து விழுந்துவிட்டான். அவனுக்கு அறுபது வயது, விழக்கூடாது. ஆனால் நீங்கள் எழுதியதை எழுதியபடியே விடுங்கள். கேட்க நன்றாக இருக்கிறது.

அக்காவுக்கு முத்தங்கள்.

வெண்டெலின்

*

லூச்சானி, மார்ச் 6

அன்புள்ள வெண்டெலின்,

உன் கடிதம் கண்டு மகிழ்ந்தோம். இங்கு இருவரும் சுகம். குதிரைக்குத் தனி அட்டை போட்டுவிட்டேன்.

மூன்றாவது குறிப்புக்கு மட்டும் பதில் இல்லை. மறந்திருப்பாய். 1951 நாடகத்தின் முதல் காட்சி நவம்பர் 16ஆ, 17ஆ? இயக்கியவர் யார்? உன்னிடம் ஒளிப்படம் ஏதும் இருக்கிறதா?

இன்னொன்று. இப்போது நீ ஸ்டேஷன் மாஸ்டராக நடிக்கும் நாடகத்தின் தட்டச்சுப் பிரதி ஒன்று கிடைக்குமா? கண்ணாடிப் பெட்டியில் வைக்க.

குளிர் காற்றில் தொண்டையை மூடிக்கொண்டு போ.

அலோயிஸ்

*

பிராக், ஏப்ரல் 24

அத்தானுக்கு,

ஏழு வாரமாக எழுதவில்லை. நோய் நொடி ஒன்றும் இல்லை, சோம்பல்தான். நீங்கள் இருவரும் நலம்தானே?

நாடகப் பிரதியை இத்துடன் வைத்திருக்கிறேன். கூடவே ஒரு செய்தி. ஜூன் 18 சனிக்கிழமை பிற்பகல் மூன்று மணிக்கு இதன் கடைசிக் காட்சி. எனக்கும் அதுவே கடைசி. கால் வலிக்கிறது. ராஜா ஓய்வு பெறுகிறார்.

கடைசிக் காட்சி என்றால் எங்கள் ஆட்கள் என்ன செய்வார்கள் என்று நீங்கள் கேள்விப்பட்டிருப்பீர்கள். ஒருவர் காலை ஒருவர் வாருவதுதான் அன்று வழக்கம். போன வருடம் வேறொரு நாடகத்தின் கடைசிக் காட்சியில் என் பெட்டியைத் தரையோடு ஆணி அடித்துவிட்டார்கள். "நான் போகிறேன், என்னைத் தடுக்காதே" என்று வசனம் பேசிவிட்டு இழுக்கிறேன், இழுக்கிறேன். கடைசியில் ஹைனெக், "யாரும் தடுக்கலையே சார்" என்றான். இந்த முறை இரண்டாம் அங்கத்தில் நான் ஓர் உறையைப் பிரித்து, மகன் எழுதிய கடிதத்தைச் சத்தமாகப் படிக்க வேண்டும். அந்த உறைக்குள் ஹைனெக் எதை வைப்பான் என்று இப்போதே யோசித்துக்கொண்டிருக்கிறேன். எதிரே யாரும் சிரிக்காமல் நிற்க வேண்டும், நானும் சிரிக்காமல் வசனத்தைச் சொல்லி முடிக்க வேண்டும். அதுதான் பந்தயம்.

இரண்டு டிக்கெட்டுகள் வைத்திருக்கிறேன். அக்கா வருவாள் என்று தெரியும்.

வெண்டெலின்

*

லூச்சானி, மே 1

அன்புள்ள வெண்டெலின்,

டிக்கெட்டுகளுக்கு நன்றி. நலமாக இருக்கிறோம். ஜூன் 18 அன்று நான் வருவது கஷ்டம் என்று தோன்றுகிறது. முழங்கால் ஒரு பக்கம். அந்த வாரம் தண்ணீர்க் குழாய் மாற்றுகிறார்கள், வீட்டில் ஓர் ஆள் இருக்க வேண்டும். ஹெட்விகாவை ரயில் ஏற்றிவிடுகிறேன்.

நாடகப் பிரதியைப் படித்தேன். நன்றாக இருந்ததால் மறுபடியும் படித்தேன்.

மூன்றாவது குறிப்பு இன்னும் நிற்கிறது. நூலகத்தார் கேட்கிறார்கள். தேதி மட்டுமாவது எழுது.

அலோயிஸ்

குழாயெல்லாம் போன வருஷமே மாத்தியாச்சுடா. ஹெ.

*

பிராக், மே 9

அத்தானுக்கு,

நலம். நலமறிய ஆவல்.

முதல் காட்சி நவம்பர் 17. ஆதாரத்தில் "நானே பார்த்தேன்" என்று எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் ஏழாம் வரிசையில் பதினான்காம் இருக்கையில் இருந்தீர்கள். இரண்டாம் அங்கத்தின் நடுவில் அந்த இருக்கை காலி. வயிற்று வலி என்று அக்கா சொன்னாள். நாடகம் முடிந்து, ஒப்பனையைக்கூடக் கலைக்காமல் பின்பக்கமாக ஓடி வந்தேன். நீங்கள் சிற்றுண்டிக் கடையில் நின்று பன்றித்தொடை வைத்த ரொட்டி தின்றுகொண்டிருந்தீர்கள். மூன்றாவது ரொட்டி. எனக்குத் தெரிந்த ஒரே படித்த மனிதர் நீங்கள்தான். உங்களுக்குப் பிடிக்கவில்லை என்று புரிந்துகொண்டு திரும்பிவிட்டேன்.

அதற்குப் பிறகு நீங்கள் என் நாடகம் எதற்கும் வந்ததில்லை. நாற்பத்து மூன்று வருடம் நான் கேட்டதில்லை. இப்போதும் கேட்கவில்லை. நன்றாக நடித்தார் என்ற வரியை மட்டும் எடுத்துவிடுங்கள்.

அக்காவுக்கு என் அன்பு.

வெண்டெலின்

*

(நான்கு அட்டைகளில் எழுதி, அனுப்பாமல் வைத்தது)

லூச்சானி, மே 12

அட்டை 1. அன்புள்ள வெண்டெலின், அந்த வரியை எடுக்க மாட்டேன். நடந்ததைச் சொல்கிறேன். அந்த நாடகத்துக்காக மூன்று வாரம் எங்கள் சமையலறையில் உனக்கு எதிர் வசனம் படித்தவன் நான். உன் வசனமும் எனக்கு மனப்பாடம்.

அட்டை 2. இரண்டாம் அங்கத்தில் மருத்துவர் அந்தக் கிழவியிடம், "உங்கள் மகன் உயிரோடு இருக்கிறான்" என்று சொல்ல வேண்டிய இடம். நீ பேசவில்லை. மறந்துவிட்டாய் என்று நினைத்தேன். என் கழுத்து வியர்வையில் நனைந்துவிட்டது. எழுந்து நின்று அந்த வரியைக் கத்திவிடுவேன் என்று தோன்றியது. முந்நூறு பேர் நடுவில் கத்தி உன்னைக் கெடுப்பதைவிட ஓடுவது மேல் என்று ஓடினேன்.

அட்டை 3. கதவுக்கு வெளியே நின்றேன். உள்ளே கைதட்டல் கேட்டது. கோட்டு வைக்கும் பெண்மணி, "என்னங்க ஆச்சு, அழறீங்க?" என்றாள். அதன் பிறகுதான் பசி. ரொட்டி மூன்றல்ல, நான்கு.

அட்டை 4. மறுநாள் பத்திரிகையில் அந்த மௌனத்தைத்தான் பாராட்டியிருந்தார்கள். அதைப் படித்தபோது வெட்கத்தால் செத்தேன். நீ வேண்டுமென்றே செய்ததை மறதி என்று நினைத்தவன் நான். உன்னை நம்பாதவனுக்கு உன் எதிரில் உட்கார என்ன யோக்கியதை? அதனால்தான் வரவில்லை. துணுக்குகளை மட்டும் வெட்டி ஒட்டினேன்.

*

லூச்சானி, மே 30

ஹைனெக் தம்பிக்கு,

நீங்க என்னைப் பார்த்ததில்ல. நான் வெண்டாவோட அக்கா. அவன் எல்லாக் கடிதத்துலயும் உங்களைத் திட்டி எழுதறதால நீங்க நல்லவர்னு தெரியும். உடம்பு எப்படி? நாற்காலியிலேருந்து விழுந்தீங்களாமே.

கடைசி நாள் அந்த உறைக்குள்ள வைக்க ஏதோ தேடறீங்கன்னு கேள்விப்பட்டேன். இதோட நாலு அட்டை இருக்கு. என் வீட்டுக்காரர் எழுதி, அகராதிக்குள்ள ஒளிச்சு வெச்சிருந்தது. தூசி தட்டினப்ப விழுந்தது. தபால்ல அவனுக்கே அனுப்பியிருக்கலாம். அனுப்பினா ரெண்டு பேரும் ஒருத்தருக்கொருத்தர் ரொம்ப மரியாதையா இன்னொரு நாற்பது வருஷம் கடிதம் எழுதுவாங்க. எனக்கு எழுபத்து மூணு ஆச்சு தம்பி.

என்னவரை நான் கூட்டிட்டு வர்றேன். எப்படின்னு கேக்காதீங்க. வரிசையோட நடுவுல உட்கார வைப்பேன், ரெண்டு பக்கமும் ஆள். ஓட முடியாது.

உங்க எல்லாருக்கும் கழுத்து முறியட்டும். மேடை ஏறறவங்களை அப்படித்தானே வாழ்த்தணும். நன்றி சொல்லிடாதீங்க, ஆகாது.

ஹெட்விகா

*

லூச்சானி, ஜூன் 20

அன்புள்ள வெண்டெலின்,

நீ நலமா என்று கேட்கும் உரிமைகூட எனக்கு இல்லை. நேற்று முழுவதும் எழுதிக் கிழித்தேன். இது ஐந்தாவது தாள்.

ஹெட்விகா, "தனியா அனுப்பினா தப்பான ரயில்ல ஏறி போலந்துக்குப் போயிடுவேன், பரவாயில்லையா?" என்று மிரட்டித்தான் என்னைக் கூட்டிவந்தாள். முதல் அங்கம் முழுவதும் நீ எவ்வளவு நன்றாக நடித்தாய்! காப்பிக் குவளையை யாரோ மேசையோடு ஒட்டிவைத்திருந்ததற்கு, நீ குனிந்து பூனை போல நக்கிக் குடித்தாயே, என் பக்கத்தில் இருந்த பெண்மணி என் தோளில் சாய்ந்து சிரித்தாள். நானும் சிரித்தேன். பயமே இல்லை.

பிறகு இரண்டாம் அங்கம். நீ உறையைப் பிரித்தாய். உள்ளே பார்த்தாய். பேசவில்லை. பத்து எண்ணினேன். இருபது எண்ணினேன். நீ இன்னும் பேசவில்லை. எழுபது வயது, மறந்துவிட்டாய், கடைசி நாள் பார்த்து மறந்துவிட்டாய் என்று நினைத்தேன். இங்கும் ஏழாம் வரிசைதான். வலப்பக்கம் ஆறு பேர், இடப்பக்கம் எட்டுப் பேர். ஓட வழி இல்லை. எழுந்துவிட்டேன் என்பது கத்திய பிறகுதான் தெரிந்தது.

"'ஆகஸ்ட் பத்தாம் தேதி வர்றேன்'னு இருக்கு! ஆகஸ்ட் பத்து!"

நீ என்னைப் பார்த்தாய். "இதுல அப்படி இல்லையே, அத்தான்."

"அப்படித்தான் இருக்கு. பதினேழாம் பக்கம்!"

"சரி, நீங்க சொன்னா சரியாத்தான் இருக்கும். உட்காருங்க. வயித்து வலி இப்ப எப்படி?"

தியேட்டர் எப்படிச் சிரித்தது! என்னைப் பார்த்துத்தான் சிரித்தார்கள். திரை விழுந்ததும் ஹெட்விகாவை இழுத்துக்கொண்டு ஸ்டேஷனுக்கு வந்துவிட்டேன். நீ கூப்பிடுவதாக வாயிற்காவலர் சொன்னது காதில் விழுந்தது. விழாதவன் போல நடந்தேன். உன் கடைசி மேடையைக் கெடுத்துவிட்டேன். ஹெட்விகாவோ ரயிலில் வீடு வரை சிரித்துக்கொண்டே வந்தாள். காரணம் கேட்டால் சொல்ல மறுக்கிறாள்.

வாழ்க்கைக் குறிப்பை வேறு யாராவது எழுதட்டும்.

அலோயிஸ்

*

பிராக், ஜூன் 23

என் அருமை அத்தானுக்கு,

இவ்வளவு நலமாக நான் இருந்து நீண்ட காலம் ஆகிறது. நீங்கள் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்க மாட்டேன், ஐந்தாவது தாள் என்றதிலேயே தெரிகிறது.

முதலில் அக்காவைக் கூப்பிட்டு எதிரே உட்கார வையுங்கள். பிறகு அகராதியைத் திறந்து பாருங்கள். அந்த நான்கு அட்டைகள் அங்கே இல்லை.

உறைக்குள் இருந்தவை அவைதான். ஹைனெக் ஏதாவது ஆபாசப் படம் வைத்திருப்பான் என்று முகத்தை இறுக்கிக்கொண்டு பிரித்தேன். "அட்டை 1" என்று உங்கள் கையெழுத்து. உலகத்தில் வேறு யார் கடிதத்துக்கு எண் போடுவார்கள்? நான் எதையும் மறக்கவில்லை, அத்தான். படித்துக்கொண்டிருந்தேன். நான்கு அட்டை, பொடி எழுத்து, மேடை விளக்கு கண்ணைக் கூச வைக்கிறது, மூக்குக்கண்ணாடி ஒப்பனை அறையில். நேரம் ஆகாதா? நான்காவது அட்டைக்கு வந்தபோது எழுத்து கலங்கிவிட்டது. இனி எப்படி வாயைத் திறப்பது என்று நின்றபோதுதான் ஏழாம் வரிசையிலிருந்து ஆகஸ்ட் பத்து வந்தது.

கெடுத்தீர்களா? கைதட்டல் அடங்காமல் நாங்கள் பதினோரு முறை மேடைக்குத் திரும்பி வந்து வணங்க வேண்டியிருந்தது. ஹைனெக் இடிந்து போயிருக்கிறான். நாற்பது வருடமாக அவன் செய்த குறும்புகள் எல்லாவற்றையும் ஒரு லத்தீன் வாத்தியார் ஒரே வாக்கியத்தில் வென்றுவிட்டார் என்று எல்லோரிடமும் சொல்லித் திரிகிறான். "அந்த ஆளை எங்கே பிடிச்சீங்க, எவ்வளவு நாள் ஒத்திகை பார்த்தீங்க?" என்று இயக்குநர் கேட்டார். "நாற்பத்து மூணு வருஷம்" என்றேன்.

இப்போது நான் சொல்ல வேண்டியது. இதுவரை யாரிடமும் சொன்னதில்லை.

1951 நவம்பர் 17 அன்று நான் மறந்துதான் போனேன். அந்த மௌனம் யாரும் வைத்ததல்ல. மருத்துவராக நிற்கிறேன், கிழவி என் முகத்தைப் பார்க்கிறாள், தலைக்குள் வெறும் சுவர். அடி எடுத்துக் கொடுக்க வேண்டியவர் தும்மிக்கொண்டிருந்தார். அந்த வரி தெரிந்த இன்னொரு மனிதர் ஏழாம் வரிசையில் இருக்கிறார் என்று நினைவு வந்து உங்களைப் பார்த்தேன். நீங்கள் கதவை நோக்கிப் போய்க்கொண்டிருந்தீர்கள். உங்கள் முதுகைப் பார்த்த அதிர்ச்சியில் வரி வந்துவிட்டது! பத்திரிகைக்காரர்கள் மௌனம், மௌனம் என்று எழுதினார்கள். பிறகு அறுபது காட்சிகளிலும் அதை அப்படியே வைத்துக்கொண்டேன். உங்களுக்கு மட்டும் உண்மை தெரிந்துவிட்டது, அதனால்தான் எழுந்து போனீர்கள், அதனால்தான் வருவதே இல்லை என்று இத்தனை நாளும் எண்ணியிருந்தேன்.

ஹைனெக் ஏன் நாற்காலியிலிருந்து விழுந்தான் என்று இப்போது சொல்லலாம். எங்கள் ஒப்பனை அறைக் கதவுக்குப் பின்னால் ஒலோமோட்ஸிலிருந்து நான் கொண்டுவந்த ஒரு பச்சை எனாமல் வாளி இருக்கிறது. நாற்பத்தைந்து வருடமாக ஒவ்வொரு காட்சிக்கும் பத்து நிமிடம் முன்பு அதில் வாந்தி எடுத்துவிட்டுத்தான் மேடைக்குப் போவேன். குதிரையின் பின்பாதிக்குக்கூட. சனிக்கிழமை இரண்டு முறை எடுத்தேன், நீங்கள் வந்திருப்பதாக அக்கா சொல்லியனுப்பியதால்.

வாளியைக் கழுவி வைத்திருக்கிறேன். வேண்டுமா?

வெண்டெலின்

*

லூச்சானி, ஜூலை 2

அன்புள்ள வெண்டெலின்,

இங்கு இருவரும் மிக நலம். ஹெட்விகாவோடு இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் அவள் பிளம் உருண்டை செய்தாள். பேசிவிட்டேன். "மன்னிச்சேன்னு சொல்லுங்க, இல்லன்னா தட்டைக் குடுங்க" என்றாள். தட்டைக் கொடுக்கவில்லை.

உன் கடிதத்தை நான் படிக்கக் கேட்டுவிட்டு, மறுபடி அவளே வாங்கிப் படித்தாள். பிறகு, "ரெண்டு பயந்தாங்கொள்ளிங்களுக்கு நடுவுல நான் வாழ்ந்திருக்கேன்" என்றாள். இதை நான் எந்த அட்டையில் சேர்ப்பது என்று தெரியவில்லை. ஆனால் நேற்று தபால் நிலையத்தில் வரிசையில் நிற்கும்போது அது நினைவு வந்து தனியாகச் சிரித்தேன். முன்னால் நின்றவர் திரும்பிப் பார்த்தார். நான் நிறுத்தவில்லை.

வாளி அவசியம் வேண்டும். நன்றாகச் சுற்றி, பதிவுத் தபாலில் அனுப்பு. செப்டம்பர் 10 திறப்பு விழாவுக்கு நீயும் வா. நூலகத்தார் என்னை ஐந்து நிமிடம் பேசச் சொல்லியிருக்கிறார்கள். சரி என்று சொல்லிவிட்டேன். சொன்னது முதல் வயிறு சரியில்லை. ஆகவே வாளியை விழாவுக்கு முன்பே அனுப்பினால் நல்லது.

வாழ்க்கைக் குறிப்பைத் திருத்தி முடித்தேன். முதலாவதில் வயதை நான்கு என்று மாற்றினேன். மூன்றாவதில் "நன்றாக நடித்தார்" அப்படியே இருக்கிறது, ஆதாரத்தில் "பாதி பார்த்தேன், மீதியைக் கதவுக்கு வெளியே நின்று கேட்டேன்" என்று சேர்த்திருக்கிறேன். ஐந்தாவதில் குதிரை.

ஏழாவது குறிப்பு தவறு. ஆதாரம் எதுவும் இல்லாமல், நான் அப்படி இல்லையே என்ற ஏக்கத்தில் எழுதியது. அடித்துவிட்டேன்.

அத்தான் அலோயிஸ்